நாலாம் நம்பர் மெஷினின் தோஷம்

கரண்ட் குரு வருகிறார் என்று தெரிந்த அன்று எங்கள் லாண்டரியில் ஒரு துணிகூட நனையவில்லை. மூன்று மருத்துவமனைகளின் அழுக்குப் படுக்கை விரிப்புகள் வாசல்வரை மலையாகக் குவிந்து நாறிக்கொண்டிருந்தன. நாறட்டும், அதனால் என்ன? மின்சாரத்தையே கைகட்டி வாய்பொத்தி நிற்கவைக்கும் மகான் வருகிறார். பக்கத்து அட்டைப்பெட்டி ஆலைக்காரர்கள் மதில்மேல் ஏறி உட்கார்ந்திருந்தார்கள். பின்னால் நின்றவர்கள் சோப்புத்தூள் டிரம்மைக் கவிழ்த்துப் போட்டு அதன்மேல் ஏறினார்கள். 'முழுமையான மின் பாதுகாப்புத் திட்டம் - தொடக்க விழா' என்று முதலாளி ஒரு பெரிய பேனர் கட்டியிருந்தார். பேனரைச் சுற்றி எரிந்த சீரியல் பல்புகளின் ஒயர், ஈரச் சுவரை ஒட்டியே ஓடியது.

நான் மடிப்புப் பிரிவு. அயர்ன் போட்டு வருகிற விரிப்புகளை மடித்து அடுக்குவது என் வேலை. பள்ளிக்கூடத்தில் அறிவியலில் எழுபத்தெட்டு மார்க் வாங்கியவன். அப்படி இருந்தும் அன்று முண்டியடித்துக்கொண்டு முதல் வரிசையில் போய் நின்ற மடையன் நான்தான். இதைப் பிறர் வாயால் நீங்கள் கேட்பதைவிட நானே சொல்லிவிடுவது மேல்.

விஷயம் இதுதான். எங்கள் லாண்டரியில் நான்கு பெரிய சலவை மெஷின்கள். முதல் மூன்றும் பரமசாது. நாலாம் நம்பர் மட்டும் ஷாக் அடிக்கும். அதில் வேலை பார்ப்பவளை நாங்கள் ஒல்லி என்று கூப்பிடுவோம். புருஷனைப் பிரிந்து, பள்ளிக்கூடம் போக ஆரம்பித்திருக்கும் ஒரு பெண் குழந்தையைத் தனியாக வளர்க்கிறவள். இரண்டு மாதத்தில் மூன்று முறை ஷாக் அடித்தது. மூன்றாம் முறை ஆளையே தூக்கி ஈரத் துணிக்குவியலில் எறிந்தது. வலது கை வீங்கி, ஒரு வாரம் கரண்டியைக்கூடப் பிடிக்க முடியவில்லை.

அதற்கு நாங்கள் என்ன செய்தோம்? யோசித்தோம். யோசித்து, ஒரு மாபெரும் உண்மையைக் கண்டுபிடித்தோம். நாலாம் நம்பர் மெஷினில் வேலை செய்கிறவளை மட்டும்தான் நாலாம் நம்பர் மெஷின் அடிக்கிறது. இதைவிட வேறென்ன சாட்சி வேண்டும்? குற்றம் அவளுடையதுதான். அவள் ராசி அப்படி. சாப்பாட்டு நேரத்தில் அவள் வந்து உட்கார்ந்தால், பக்கத்தில் இருந்தவர்கள் தட்டைத் தூக்கிக்கொண்டு மெல்ல நகர ஆரம்பித்தார்கள். நானும் நகர்ந்தேன்.

எங்கள் மேற்பார்வையாளருக்கு விசில் என்று பெயர். எதற்கெடுத்தாலும் கழுத்தில் தொங்கும் விசிலை ஊதுவார். பாதுகாப்பு அதிகாரியும் அவரேதான். முதலுதவிப் பெட்டியின் சாவி தொலைந்துவிடக் கூடாது என்று அதைப் பத்திரமாகத் தன் வீட்டில் வைத்திருக்கும் பொறுப்பானவர். மாதாமாதம் பாதுகாப்புப் பதிவேட்டில் 'அனைத்தும் சரி' என்று எழுதிக் கையெழுத்துப் போடுவார். ஒல்லி பறந்து விழுந்த மாதமும் அனைத்தும் சரிதான்.

ஆனால் சோதனை அதிகாரிகள் வரப்போகிறார்கள் என்று ஒரு கடிதம் வந்ததும் முதலாளி விழித்துக்கொண்டார். மின் பாதுகாப்புக்கு என்ன செய்தாய் என்று கேட்டால் எதையாவது காட்ட வேண்டுமே. அப்போதுதான் அவருடைய மச்சான் கரண்ட் குருவைப் பற்றிச் சொன்னார்.

"மாமா, எனக்குத் தெரிஞ்ச ஒரு மில்லுல ஐயா வந்துட்டுப் போன நாள்ல இருந்து ஒருத்தனுக்கும் ஷாக் அடிக்கல. சர்டிபிகேட்டும் குடுத்துடுவார்."

மச்சான் சொன்னது சத்தியம். ஐயா வந்துவிட்டுப் போன மறுவாரமே அந்த மில்லை இழுத்து மூடி, கரண்டையும் துண்டித்துவிட்டார்கள். பிறகு எங்கிருந்து ஷாக் அடிக்கும்? இதெல்லாம் எங்களுக்குப் பின்னால்தான் தெரிந்தது.

குரு வந்தார். டாக்டர் மாதிரி வெள்ளைக் கோட்டு. கழுத்தில் செம்புக் கம்பி மாலை. காலில் ரெண்டு விரல் கனத்துக்கு ரப்பர் அடிவைத்த ஷூ. கையில் முழங்கை நீளத்துக்கு ஒரு கோல். அதன் நுனியில் இரும்பு, தலையில் பித்தளைக் குமிழ், நடுவில் சிவப்புக் கண்ணாடிக் கண். ஞானக்கோலாம். வந்ததும் எல்லாருக்கும் ஆளுக்கொரு செம்பு வளையம் கொடுத்தார். போட்டுக்கொண்டால் மின்சாரம் நம்மைக் கண்டு விலகிப் போகுமாம். ரப்பர் பூட்ஸ் வேண்டும் என்று ஒரு வருஷமாகக் கேட்டுக்கொண்டிருந்தோம். அதற்குப் பதிலாக முதலாளி வாங்கித் தந்தது இந்த வளையம். நான் ரெண்டு கேட்டு வாங்கி, கைக்கொன்றாகப் போட்டுக்கொண்டேன்.

"எல்லாரும் செருப்பைக் கழட்டுங்க. பூமியோட உங்களுக்கு இருக்கிற தொடர்பு அறுந்து போகக் கூடாது" என்றார் குரு. கழற்றினோம். அவர் மட்டும் ஷூவைக் கழற்றவில்லை. குருவுக்கு விலக்கு உண்டாம். பிறகு தரையைக் குளிர்விக்க வேண்டுமென்று நாலு வாளித் தண்ணீரைக் கொட்டச் சொன்னார். விசில் ஓடி ஓடிக் கொட்டினார்.

கோலை எடுத்து முதல் மெஷினைத் தொட்டார் குரு. ஒன்றுமில்லை. இரண்டாவது, மூன்றாவது, ஒன்றுமில்லை. நாலாம் நம்பரைத் தொட்டார். கோலின் கண் செக்கச்செவேல் என்று எரிந்தது. கூட்டம் ஐயோ என்று பின்வாங்கியது. டிரம் மேல் நின்ற ஒருவன் கீழே விழுந்தான்.

"இதுல யார் வேலை பாக்கறது?"

விசில் விரலை நீட்டினார். ஒல்லி தலைகுனிந்து முன்னால் வந்தாள்.

"மெஷினுக்குள்ள மின்தோஷம் குடியேறி இருக்கு" என்றார் குரு. "அது எங்க இருந்து வந்துச்சு? இந்தப் பொண்ணு உடம்புல இருந்து. மெஷின்ல இருக்கிறத நான் இப்ப எடுத்துடறேன். அப்புறம் இவ வந்து வெறுங்காலோட மெஷினைக் கட்டிப்பிடிக்கணும். ஒண்ணும் ஆகலைன்னா இவ சுத்தம். ஷாக் அடிச்சா தோஷம் இவ உடம்புல இன்னும் ஊறிக் கிடக்குன்னு அர்த்தம். அப்புறம் இவளை ஒரு நிமிஷம்கூட இங்க வச்சிருக்கக் கூடாது."

எப்படி இருக்கிறது ஏற்பாடு? பிழைத்தால் குருவின் மகிமை. செத்தால் அவளுடைய தோஷம்.

"சரி ஐயா. அடிச்சா இன்னைக்கே கணக்கை முடிச்சு அனுப்பிடறேன்" என்றார் முதலாளி.

ஒல்லி அவரைப் பார்த்தாள். "சார், எனக்கு இந்த வேலை வேணும் சார்" என்றாள். "கட்டிப்பிடிக்கிறேன்."

குரு கண்ணை மூடி, "வோல்ட்டே விலகு, வாட்டே வணங்கு" என்று ஏதேதோ முணுமுணுத்தார். மெஷினை மூன்று சுற்றுச் சுற்றினார். கோலால் மறுபடி தொட்டார். கண் எரியவில்லை. துணி போடாமல் வெறுமனே ஓடவிட்டிருந்த மெஷின் என்னவோ அதேபோல் உறுமிக்கொண்டுதான் இருந்தது. தோஷம் போய்விட்டதாம். கேட்பவன் கேணையன் என்றால் கேழ்வரகில் நெய் வடியும் என்பார்களே, எங்களுக்கு அன்று நெய் ஆறாக ஓடியது. எல்லாரும் கைதட்டினோம். வளையம் கிணுகிணுக்க, உள்ளங்கை சிவக்க நான்தான் அதிகமாகத் தட்டினேன்.

தண்ணீரில் நின்ற ஒல்லி மெஷினை நோக்கி ஓரடி நடந்தாள்.

"ஏய், நில்லுடி" என்று ஒரு குரல் கேட்டது.

அது அண்ணி. அயர்ன் மேசையில் வேலை செய்கிறவள். ஒல்லியின் அண்ணனைக் கட்டியவள். ஒல்லி அண்ணி அண்ணி என்று கூப்பிட்டுக் கூப்பிட்டு லாண்டரிக்கே அண்ணியாகிவிட்டாள். நாத்தனாரும் அண்ணியும் தினம் ஏதாவதொன்றுக்கு முட்டிக்கொள்வார்கள். அன்று அண்ணி மட்டும் செருப்பைக் கழற்றவில்லை என்பதை அப்போதுதான் கவனித்தோம். நாத்தனாரின் தோளைப் பிடித்துப் பின்னால் இழுத்துவிட்டு அவள் முன்னே வந்தாள்.

"ஐயா, ஒரு சின்ன சந்தேகம். முதல்ல தொட்டப்ப உங்க கட்டைவிரல் அந்தப் பித்தளை மேல அழுத்தி இருந்துச்சு. இப்பத் தொட்டப்ப விரலைத் தூக்கி வச்சிருந்தீங்க. விரலை வச்சு இன்னொரு தரம் தொட்டுக் காட்டுங்க."

குருவின் முகம் மாறியது. "இது சோதனை பண்ற விஷயம் இல்லம்மா. நம்பிக்கை."

"நம்புறேன் ஐயா. ஆனா எனக்கு இருக்கிறது ஒரே நாத்தனார். கருகிப் போனா வேற வாங்க முடியாது."

விசில் விசிலை ஊதினார். மதில்மேல் இருந்தவர்கள் வாயாலேயே அதைவிடப் பலமாக விசிலடித்தார்கள். "விரலைத்தான் கொஞ்சம் வைங்களேன் சாமி" என்று ஒருவன் கத்தினான். முதலாளிக்கு எரிச்சல். "காட்டிடுங்க ஐயா. காட்டினா வாயை மூடிக்குவா" என்றார்.

குரு அசையவில்லை. அண்ணி காத்திருக்கவும் இல்லை. சோப்புப் பெட்டியிலிருந்து ஒரு காய்ந்த பலகையை எடுத்துப் போட்டு, செருப்போடு அதன்மேல் ஏறி நின்றாள். ஏதோ வீட்டுக் கரண்டியை வாங்குவது போல அவர் கையிலிருந்த கோலை வாங்கினாள். விரலைத் தூக்கிக்கொண்டு மெஷினைத் தொட்டாள். இருட்டு. பித்தளையில் விரலை வைத்தாள். சிவப்பு. எடுத்தாள், இருட்டு. வைத்தாள், சிவப்பு.

"தோஷம் போகுது, தோஷம் வருது" என்றாள் அண்ணி. "என் கட்டைவிரலுக்கு இவ்வளவு மகிமை இருக்குன்னு என் மாமியாருக்குத் தெரியாமப் போச்சே."

சிரிப்பு மதிலில் ஆரம்பித்து உள்ளே வந்தது. ஒல்லிகூட அழுதுகொண்டே சிரித்தாள். அந்த மாமியார் அவளைப் பெற்றவள் அல்லவா.

"இது ஞானக்கோலும் இல்ல, ஒண்ணும் இல்ல" என்றாள் அண்ணி. "என் வீட்டுக்காரர் ஒயர்மேன். அவர் சட்டைப் பையில எப்பவும் ஒண்ணு செருகி இருக்கும். டெஸ்டர். தெனம் காலையில என் அயர்ன் பாக்ஸைத் தொடறதுக்கு முன்னாடி நான் பாக்கறது அதாலதான். விரல் வச்சாதான் எரியும். எரிஞ்சா கரண்ட் இருக்குன்னு அர்த்தம். இப்ப எரியுது. இந்த மெஷின் உடம்பு முழுக்கக் கரண்ட். இதைத்தான் இவளைக் கட்டிப்பிடிக்கச் சொன்னீங்க."

சிரிப்பு நின்றுவிட்டது.

"சரி ஐயா, தோஷம் போயிடுச்சுன்னு நீங்க சொன்னீங்கல்ல? ஷூவைக் கழட்டிட்டு நீங்களே ஒரு தடவை கட்டிப்பிடிங்க. நாங்க பாக்கறோம்."

குரு மெஷினைப் பார்த்தார். தண்ணீரைப் பார்த்தார். தன் ஷூவைப் பார்த்தார். அடுத்து ஓர் இடத்தில் அவசர நிகழ்ச்சி இருப்பது சட்டென்று அவருக்கு நினைவுக்கு வந்தது. காரை எடுக்க மச்சான் அவருக்கு முன்னாலேயே போயிருந்தார். நாங்கள் எத்தனையோ கறையை எடுத்தவர்கள். இவ்வளவு சீக்கிரம் சாயம் வெளுத்துப் பார்த்ததில்லை.

அண்ணி மெயின் சுவிட்சை இறக்கினாள். சுவிட்ச் பெட்டி முன்னால் ஒல்லியை நிறுத்தி, "முதலாளியே வந்தாலும் தொட விடாத" என்றாள். மறுபடி டெஸ்டரை வைத்து, எரியவில்லை என்று பார்த்துக்கொண்ட பிறகுதான் மெஷினுக்குப் பின்னால் குனிந்தாள். ஒரு பச்சை ஒயரின் முனையைப் பிடித்துத் தூக்கிக் காட்டினாள். அது எதோடும் சேராமல் அந்தரத்தில் தொங்கியது.

"எர்த் ஒயர். கசியற கரண்டை மண்ணுக்குள்ள இறக்கிவிடறது இதுதான். இது இல்லைன்னா மனுஷன் வழியா இறங்கும். யார் கழட்டுனது?"

எல்லாரும் விசிலைப் பார்த்தோம். சாக்கடைக்குப் பக்கத்தில் இருக்கட்டும் என்று இரண்டு மாதத்துக்கு முன் நாலாம் நம்பரை அவர்தான் இடம் மாற்றினார். ஒயர் ஒரு கை நீளம் பற்றவில்லை. "அப்புறம் பாத்துக்கலாம்னு..." என்றார். அப்புறம் என்ன ஆனது என்பது ஒல்லியின் கையைப் பார்த்தால் தெரியும்.

அண்ணி என் பக்கம் திரும்பினாள். கண் என் கையில் இருந்தது. "ஈரத்துல நின்னுட்டு கையில செம்பு வளையமா? அதுலயும் ரெண்டு. கரண்டை வா வான்னு கூப்பிட்டு உக்கார வைக்கிறீங்களா?" நான் வளையத்தைக் கழற்றினேன். வாங்கும்போது இருந்த அவசரம் கழற்றும்போதும் இருந்தது.

சாயங்காலத்துக்குள் அண்ணியின் புருஷன் வந்து, மெஷினுக்குள் கரண்ட் கசிந்த ஒயரை மாற்றி, எர்த் ஒயரை நீட்டி இணைத்தார். கசிவு வந்தால் தானே அணைந்துவிடும் சுவிட்ச் ஒன்றையும் மாட்டினார். அரை மணி நேர வேலை. இரண்டு மாதம் நாங்கள் ஒரு பெண்ணின் ராசியை ஆராய்ந்துகொண்டிருந்தோம்.

முதலாளி ஒல்லியிடம் வந்தார். "சரிம்மா, எல்லாம் சரியாயிடுச்சு. போய் மெஷினை ஓட்டு."

"பூட்ஸ் வரட்டும் சார்" என்றாள் ஒல்லி. "தெனம் காலையில யாராவது டெஸ்டர் வச்சு எனக்குக் காட்டட்டும். அப்புறம்தான் தொடுவேன்." முதலில் வேலை வேணும் என்று கெஞ்சிய குரல் இல்லை அது. மற்ற மூன்று மெஷின்காரர்களும் அவள் பக்கத்தில் போய் நின்றார்கள். மறுநாள் பூட்ஸ் வந்தது.

எனக்குத்தான் மனசு உறுத்திக்கொண்டே இருந்தது. சாப்பாட்டு நேரத்தில் தட்டோடு அவள் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். "அன்னைக்கு நானும் கைதட்டிட்டேன் தங்கச்சி. மனசுல வச்சுக்காத" என்றேன்.

அவள் சாப்பிடுவதை நிறுத்தவில்லை.

"நீங்க கைதட்டினப்ப நான் வெறுங்காலோட தண்ணியில நின்னுட்டிருந்தேன் அண்ணே. அடுத்த தடவை தட்டறதுக்கு முன்னாடி, யார் காலில ஷூ இருக்குன்னு பாத்துட்டுத் தட்டுங்க."