சர்வதேச மாமனார்

பேராசிரியர்களில் பல வகை உண்டு. தூங்கவைப்பவர், தானே தூங்குபவர், கேன்டீனிலேயே குடியிருப்பவர் என்று. ஆனால் சர்வதேசச் சட்டமும் உறவும் கற்பிக்கும் பேராசிரியர் தனி இனம். கண்டுபிடிப்பது சுலபம். என்றோ முடிந்துபோன கருத்தரங்கின் அடையாள அட்டை கழுத்தில் தொங்கும், இன்னொரு கருத்தரங்கில் கொடுத்த பை கையில் இருக்கும், அதற்குள்ளிருந்து முருங்கைக்காய் எட்டிப் பார்க்கும். "மழை வருமா சார்?" என்று கேட்டுவிட்டீர்களோ, "ஒருபுறம் மேகம் இருக்கிறது, மறுபுறம்..." என்று தொடங்கிவிடுவார். நனைந்துகொண்டே மறுபுறத்தையும் கேட்டாக வேண்டும்.

பழங்காநத்தத்தில் குடியிருக்கும் முனைவர் சிவசங்கரன் இந்த இனத்தில் முதல் தரம். இரண்டு நாடுகள் உரிமை கொண்டாடும் ஒரு தீவைப் பற்றித்தான் அவர் முனைவர் பட்டத்துக்கு ஆராய்ந்தார். அந்தத் தீவில் மனிதர் கிடையாது. எப்போதாவது ஆமைகள் வந்து முட்டையிட்டுப் போகும். வருடக்கணக்கில் ஆராய்ந்து, "இரு தரப்பிலும் நியாயம் இருக்கிறது" என்று முடித்தார். ஆமைகள் ஆட்சேபிக்கவில்லை. பட்டம் கிடைத்தது. அதே தீவை வைத்தே உதவிப் பேராசிரியர் ஆனார், இணைப் பேராசிரியர் ஆனார், பேராசிரியர் ஆனார், துறைத் தலைவரும் ஆனார். நடுவில் அந்தத் தீவு கடலில் மூழ்கியிருந்தால் மனிதர் சோற்றுக்கு என்ன செய்திருப்பாரோ!

ஒரே ஒரு முறை ஜெனிவாவுக்குப் போனார். உடம்பு மட்டும்தான் திரும்பி வந்தது. "ஜெனிவாவில் நான் இருந்தபோது" என்று சொல்லாமல் இட்லியைக்கூடப் பிட்டு வாயில் போடமாட்டார். வீட்டில் சிலிண்டர் தீர்ந்தால் ஆழ்ந்த கவலை தெரிவிப்பார். மொட்டைமாடித் தொட்டி நிறைந்து தண்ணீர் வழிந்தால், "நிலைமையை உன்னிப்பாகக் கவனித்து வருகிறேன்" என்பார். அவர் மனைவி ராஜஸ்ரீ எழுந்து போய் மோட்டாரை நிறுத்துவாள்.

வகுப்பிலோ சிங்கம். "குட்டித் தீவு நவூருவுக்கும் ஐ.நா. பொதுச்சபையில் ஒரு ஓட்டுதான், சீனாவுக்கும் ஒரு ஓட்டுதான்! எவரும் எவருக்கும் கீழே இல்லை!" என்று மேசையில் ஓங்கித் தட்டுவார். பையன்கள் விசில் அடிப்பார்கள். நடிப்பு என்று நினைத்துவிடாதீர்கள், நெஞ்சாரத்தான் சொன்னார்.

இப்படிப்பட்டவர் வீட்டு வாசலில், ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில், மேலூர்ப் பக்கத்திலிருந்து ஒரு கார் வந்து நின்றது. மகள் மாதங்கி, தன்னோடு வேலை பார்க்கும் சூர்யபிரகாஷைத்தான் கட்டிக்கொள்வேன் என்று சொல்லிச் சில மாதம் ஆகியிருந்தது. பையனைப் பெற்ற பேச்சிமுத்துவும் முருகம்மாளும் முறைப்படி பெண் கேட்க வந்திருந்தார்கள். ஒரு தலைமுறைக்கு முன்னால் அடுத்தவர் வயலில் கூலிக்கு நின்ற குடும்பம். இன்று சொந்த வயலில் நெல், வாடகைக்கு விட அறுவடை இயந்திரம், பையனுக்கு நல்ல சம்பளம். குறை சொல்ல ஒன்றுமில்லை, சாதி வேறு என்பதைத் தவிர.

வேண்டாம் என்று சொல்லச் சிவசங்கரனுக்கு வாய் வரவில்லை. வெளியே தெரிந்தால் அத்தனை நாள் மேசையைத் தட்டியது என்னாவது? சரி என்று சொல்லவும் மனசு வரவில்லை. சொந்தக்காரர்கள் முகத்தில் எப்படி விழிப்பது? அடுப்படிக் கதவுக்குப் பின்னால் மாதங்கி மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றாள். பாவம், அவளுக்கு வேண்டியிருந்தது அப்பா வாயிலிருந்து ஒரு "சரி", அவ்வளவுதான்.

பேராசிரியர் தொண்டையைச் செருமினார். "கொள்கை அளவில் உங்கள் வருகையை வரவேற்கிறோம்."

"வரவேற்கிறேன்னுட்டாருல்ல, தட்டக் குடு," என்றார் பேச்சிமுத்து.

முருகம்மாள் தாம்பூலத் தட்டை நீட்டினாள். வெற்றிலை பாக்கு, தேங்காய், பழம், பூ. நீட்டிய தட்டை வாங்காவிட்டால் முகத்தில் அடித்த மாதிரி, வாங்கிவிட்டால் சம்மதம். நம் ஊரில் மூன்றாவது வழி கிடையாது. ஆனால் சர்வதேசச் சட்டத்தில் இல்லாத வழியா? இரண்டு கையாலும் தட்டை வாங்கிக்கொண்டு சிவசங்கரன் சொன்னார்: "இதைப் பெற்றுக்கொள்கிறேன். பெற்றுக்கொள்வதால் ஏற்றுக்கொண்டதாகப் பொருளல்ல. இறுதி நிலைப்பாடு பின்னர்..."

"தட்ட வாங்கிட்டீக சம்பந்தி, அம்புட்டுத்தேன்!" பேச்சிமுத்து எழுந்து வந்து, தட்டோடு சேர்த்து அவரைக் கட்டிப்பிடித்துக்கொண்டார்.

கார் கிளம்பியதும் மாதங்கி ஓடி வந்தாள். "அப்பா! சரின்னு சொல்லிட்டீங்களா?"

"பெற்றுக்கொண்டேன் என்றுதான் சொன்னேன்."

அவள் முகம் விழுந்துவிட்டது.

எதையும் நிலுவையில் வைத்தால் தானாக ஆறிவிடும் என்பது அவர் துறை கற்றுக்கொடுத்த பாடம். எத்தனை தீவுகள் அப்படி ஆறிக் கிடக்கின்றன! ஆகவே, உலக அமைதி பற்றிய கருத்தரங்குக்கு நிம்மதியாக தில்லிக்கு ரயிலேறினார். ஆனால் வாங்கிய தட்டு நிலுவையில் நிற்குமா? அவர் திரும்புவதற்குள் ராஜஸ்ரீ திருப்பரங்குன்றத்தில் மண்டபம் பிடித்துவிட்டாள், பத்திரிகையும் அச்சுக்குப் போய்விட்டது. அவர் எதிர்க்கவும் இல்லை, ஆதரிக்கவும் இல்லை. துறையில் எல்லோரும் கையைப் பிடித்துக் குலுக்கி, "சாதி பாக்காம பொண்ணக் குடுக்குறீங்க, பெரிய மனசு சார் உங்களுக்கு!" என்றார்கள். இதை மட்டும் எந்த நிபந்தனையும் இல்லாமல் ஏற்றுக்கொண்டார்.

கல்யாணத்தன்று காலை, முகூர்த்தத்துக்குக் கொஞ்சம் முன்னால், மணமகள் அறைக்கு அவரைக் கூப்பிட்டனுப்பினாள் மாதங்கி. கூட இருந்த பெண்களை வெளியே போகச் சொன்னாள்.

"அப்பா, ஊரே உங்களப் பெரிய மனுசன்னு சொல்லுது. சொல்லட்டும். ஆனா நான் கேட்டதுக்கு நீங்க இன்னும் பதிலே சொல்லல. தட்ட வாங்கினதெல்லாம் எனக்கு வேணாம். ஒரே ஒரு தடவ, நீங்களா, 'சரிம்மா'ன்னு சொல்லுங்கப்பா. சந்தோஷமா போறேன்."

பெற்ற மகள், அவளைக் கைப்பிடித்துப் பள்ளிக்கூடத்துக்குக் கூட்டிப்போனவர் அவர்தானே? சிவசங்கரன் வாயைத் திறந்தார். காலமெல்லாம் பழகிய வாய் அல்லவா, தன் பாட்டுக்குப் பேசியது.

"ஒருபுறம் பார்த்தால்..."

மாதங்கி மறுபுறத்துக்குக் காத்திருக்கவில்லை. மாலையைச் சரிசெய்துகொண்டு, "நேரமாச்சுப்பா, வாரேன்" என்று மேடைக்குப் போய்விட்டாள். தாலி கட்டும்போது அவர் சாஸ்திரத்துக்கு எல்லாம் செய்தார். போட்டோவுக்குச் சிரிக்கவும் செய்தார். அவள் அவர் பக்கம் திரும்பவில்லை.

சாப்பாடு முடிந்து, பெண்ணையும் மாப்பிள்ளையையும் ஏற்றிக்கொண்டு கார் மேலூருக்குக் கிளம்பியது. தெருமுனை திரும்பி மறைந்த பிறகு, காலி மண்டபத்தின் நடுவில் நின்று சிவசங்கரன் சொன்னார்: "சரிம்மா."

நாற்காலி அடுக்கிக்கொண்டிருந்த மண்டபத்து ஆள் நிமிர்ந்து பார்த்தார். "கூப்பிட்டீகளா சார்?"

"இல்லப்பா. ஒண்ணுமில்ல."

நல்ல வேளை, இந்த இனம் பல்கலைக்கழகத்தோடு நின்றுவிடுகிறது என்றுதானே நினைக்கிறீர்கள்? அப்படியே நினைத்துக்கொள்ளுங்கள். போன வாரம் உங்கள் வீட்டில் ஒருவர் உங்களிடம் ஏதோ கேட்டார்; செய்தித்தாளிலிருந்து தலையைத் தூக்காமலே நீங்கள் "பார்க்கலாம்" என்றீர்கள். கேட்டவர் இன்னும் கதவோரமாகத்தான் நிற்கிறார்.