லிஃப்டுக்குள் சேனல் தலைவர்

மரியாதைக்குரிய மாமாவுக்கு, மாப்பிள்ளை பணிவுடன் எழுதுவது. உங்கள் மகள் சௌக்கியம். உங்கள் முழங்கால் வலி குறைந்திருக்கும் என்று நம்புகிறேன். என் பாடுதான் கொஞ்சம் திண்டாட்டம்.

"டிவி டைரக்டர்னு சொன்னீங்களே மாப்ளே, கண்ணைச் சிமிட்டுறதுக்குள்ள உங்க நிகழ்ச்சி முடிஞ்சிடுதே!" என்று கல்யாணமான புதிதில் கேட்டீர்கள். என்ன செய்வது, சீரியலுக்கும் செய்திக்கும் நடுவில் வரும் அந்த ரெண்டு நிமிஷச் சிரிப்புத் துணுக்குதான் என் பிழைப்பு. கேமராவை ஒளித்துவைத்து, விவரம் தெரியாத ஆளை மாட்டிவிட்டு வேடிக்கை பார்க்க வேண்டும். எல்லாரும் சிரிப்பார்கள், உங்கள் மகள் மட்டும் "நல்லா இருக்குங்க" என்று கொட்டாவியை அடக்கிக்கொண்டு சொல்வாள். துணுக்கை நிறுத்திவிட்டால் உங்கள் ஹார்டுவேர் கடைக் கல்லாவில் உட்காருகிறேன் என்று உங்களுக்கு வாக்கு வேறு கொடுத்துத் தொலைத்தேன்.

இந்த வாரம் எங்கள் அலுவலக லிஃப்டிலேயே கேமரா. ஆள் ஏறியதும் பாதியில் நிறுத்த வேண்டும். "உள்ளே நான் என்ன கத்தினாலும் திறக்காதீங்க, எல்லாம் நடிப்பு" என்று காலையிலேயே கேமராமேனுக்கு உத்தரவு போட்டுவிட்டு நான் உள்ளே நின்றேன். ஏறியது யார் தெரியுமா? எங்கள் சேனல் தலைவர்! "உன்னைத்தான்யா தேடுறேன், இந்த வாரத்தோட உன் துணுக்குக்கு மங்களம்" என்று அவர் சொல்லி வாய் மூடவில்லை, லிஃப்ட் நின்றது. "ஐயையோ, திறங்கய்யா, நிஜமா தலைவர்!" என்று நான் கதவில் அடித்து அலறினால், "சூப்பர் சார், இன்னும் கொஞ்சம் அழுங்க!" என்று ஸ்பீக்கரில் பதில் வருகிறது. மனுஷருக்கு மூடிய இடம் என்றால் பயமாம். டையைக் கழற்றினார், பூட்ஸைக் கழற்றினார், என் கழுத்தைக் கட்டிக்கொண்டு, "வெளிய விடுய்யா, உனக்கு ஒரு மணி நேர நிகழ்ச்சியே தர்றேன்!" என்று தேம்பினார். கதவு திறந்ததும் பூட்ஸை மாட்டிக்கொண்டு, "நாளையிலேருந்து இந்தப் பக்கமே வராதே" என்றார்.

அந்தப் பதிவை வீட்டில் போட்டுப் பார்த்து உங்கள் மகள் விக்கல் எடுக்கும்வரை சிரித்தாள் மாமா. என் வேலைக்கு அவள் சிரித்து நான் பார்த்தது இதுதான் முதல் தடவை. சந்தோஷத்தில் எனக்கு வேலை போன துக்கமே மறந்துவிட்டது. ஆகவே திங்கட்கிழமை கல்லாவுக்கு வந்துவிடுகிறேன்.

அத்தைக்கு என் வணக்கம். உங்கள் ஆசி என்றும் வேண்டும்.

இப்படிக்கு,
உங்கள் மாப்பிள்ளை

பி.கு.: இதைத் தபாலில் போடாமல் பையிலேயே வைத்துச் சுற்றியதும் நல்லதாகப் போயிற்று. கேமராமேன் வழக்கம்போல் அந்தத் துணுக்கையும் ஒளிபரப்புக்கு அனுப்பிவிட்டான். அதைப் பார்த்துச் சிரித்த தலைவர் வீட்டம்மா அவரிடம், "இப்பத்தான் நீங்க உருப்படியா ஒரு காரியம் செஞ்சிருக்கீங்க!" என்றாராம். தலைவரே போன் போட்டு, "வாய்யா, அடுத்த ஆளைப் பிடி" என்றுவிட்டார். கல்லாவுக்கு வேறு ஆள் பாருங்கள். நேற்று உங்கள் கடையில் ஒற்றை ஆணி வாங்கி, கூர் தப்பான பக்கம் இருக்கிறது என்று திருப்பிக் கொடுத்தாரே ஒருவர், அவர்தான் எங்கள் கேமராமேன். கேமராவைத் தேடாதீர்கள், பெயின்ட் டப்பாக்களுக்கு நடுவில் அதை வைத்தது உங்கள் மகள். இனி யாராவது கேட்டால் தாராளமாகச் சொல்லுங்கள்: மாப்பிள்ளை நிகழ்ச்சி ரெண்டே நிமிஷம்தான், ஆனால் அந்த ரெண்டு நிமிஷமும் மாமனார்தான்.