மருந்துக்கடை சர்வரில் நாலாவது ஆள்

ஹாட்யாய் நகரில் இருக்கும் மதிப்பிற்குரிய தவாட் மாமாவுக்குப் பைக்காவ் வணங்கி எழுதுவது. அத்தையும் பாப்பாவும் சுகமாக இருக்க வேண்டும். அம்மா தூங்கிவிட்டாள். போர்வைக்குள் கைப்பேசி வெளிச்சத்தில் எழுதுகிறேன், கையெழுத்தைப் பொறுத்துக்கொள்ளுங்கள். கைப்பேசியிலேயே செய்தி அனுப்பியிருப்பேன், ஆனால் அது கடையின் வைஃபையில் ஓடுகிறது. பயமாக இருக்கிறது.

நம் மருந்துக்கடையின் பழைய சர்வருக்குள் ஒரே நேரத்தில் இரண்டு பேர்தான் வெளியிலிருந்து நுழைய முடியும், மூன்று கிளைக்கும் போதவில்லை என்று அம்மா புலம்பியபோது, முகம் தெரியாத யாரோ இணையத்தில் வைத்திருந்த பேட்ச் என்ற ஒட்டு நிரல் ஒன்றை எடுத்துப் போட்டீர்கள் அல்லவா? "இனி எத்தனை பேர் வேணாலும் உள்ள வரலாம்க்கா! அப்டேட் மட்டும் போட்ராத, ஒட்டு பிஞ்சிரும்" என்று சொல்லி, மீன் குழம்பு சாப்பிட்டுவிட்டுப் போனீர்கள்.

வந்துவிட்டார்கள், மாமா. மூன்று கிளைக்கு மூன்று பேர். போன வாரம் நாலாவதாக ஒருவர். கடை சாத்திய பிறகு, யாரும் தொடாமலே திரையில் அம்பு நகர்ந்து, வாடிக்கையாளர் பட்டியலைத் திறந்து ஒவ்வொரு பெயராகப் பார்த்துக்கொண்டே போனது. நான் அலறினேன். அம்மா அலறவில்லை, கைகூப்பினாள். செத்துப்போன தாத்தாதான் வந்திருக்கிறார் என்று நினைத்து, நோட்பேடில் "அப்பாவா?" என்று தட்டினாள். கொஞ்ச நேரம் கழித்து "ஆமாம்" என்று வந்தது.

அப்படிக் கேட்டால் யார்தான் இல்லை என்பார்கள்?

"தாத்தா ஒரு பேரத் தட்டவே அரை நாள் ஆகும்மா. இது படபடன்னு அடிக்குது."

"அங்க போயி கத்துக்கிட்டிருப்பாரு. உன்ன மாதிரி சும்மாவா உக்காந்திருப்பாரு?"

மறுநாள் சர்வர் முன்னால், தாத்தாவின் ஆவிக்குப் படையலாக, உறிஞ்சுகுழல் போட்ட சிவப்பு சோடா. கல்லாவில் நிற்கும் லமை அக்கா சாமந்தி மாலை சாத்தினாள். அது காற்றுத் துளையை அடைத்து, சர்வர் சூடேறி உறுமியது. "பாத்தீங்களா, ஐயா சந்தோசத்துல பேசறாரு!"

நாளை பதினாறாம் தேதி, லாட்டரிக் குலுக்கல். எந்த நம்பர் விழும் என்று அம்மா திரையில் கேட்டாள். 'கடையின் வங்கிக் கடவுச்சொல்லை முதலில் சொல், பிறகு நம்பர்' என்று பதில் வந்தது. "அப்பா எப்பவும் கணக்குப் பாத்துத்தான் காசு குடுப்பாரு" என்று அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டாள். காலையில் கோயிலுக்குப் போய்வந்து, மத்தியானத்துக்குள் சொல்லிவிடுவாள். சொன்னால் மூன்று கடையும் போச்சு. நான் வாயைத் திறந்தால், "தாத்தாவையே திருடன்ங்கறியாடி?" என்று கையை ஓங்குகிறாள். நீங்கள் சொன்னால் கேட்பாள். விடிகாலை முதல் வேன்காரரிடம் இதைக் கொடுத்தனுப்புகிறேன். கிடைத்ததும் கிளம்பி வந்து, அந்தப் பேட்சைப் பிடுங்கி எறியுங்கள், உங்கள் கையால் திறந்த கதவை நீங்களே சாத்துங்கள்.

புத்தர் உங்கள் வீட்டைக் காக்கட்டும். பாப்பாவுக்கு முத்தம், அத்தைக்கு வணக்கம்.

உங்கள் மருமகள்,
பைக்காவ்

பி.கு.: உங்களுக்காகக் காத்திருப்பானேன், நெட் வயரை நானே பிடுங்கிவிடலாம் என்று இப்போது கீழே கடைக்குப் போனேன். விளக்குப் போடவில்லை. எதையும் தொடவில்லை. திரை தானாக விழித்து, "பைக்காவ், சாப்பிட்டியா?" என்று எழுதியது. தாத்தா போன பிறகு இந்த வீட்டில் என்னிடம் யாரும் அதைக் கேட்டதில்லை. இல்லை என்று தட்டினேன். நெடுநேரம் பேசினோம். மாமா, நாளைக்கு வர வேண்டாம். அடுத்த வாரம் வாருங்கள்.