தவிட்டுக்கு விற்ற இளவரசர்

ஐந்து ஆறுகளில் நான்கு வற்றி, மிச்சமிருந்த ஒன்றும் பாதியாய் ஓடிக்கொண்டிருந்த காலத்தில், அதன் இக்கரையில் செம்மேடு என்றொரு நாடு இருந்தது. அதை ஆண்டவர் மாமன்னர் திக்கெட்டும்வென்றார். அந்த ஆற்றைக்கூட அவர் தாண்டியதில்லை. இருந்தாலும் பெயர் அப்படி. பெயருக்கேற்ற மன்னர் என்று அவையில் தினமும் சொல்லக் கேட்டுக் கேட்டு, மற்றவர்களும் பெயருக்கேற்றபடி இருக்கவேண்டும் என்று அவருக்குத் தோன்றிவிட்டது. அவருக்குத் தோன்றுவதெல்லாம் அந்த நாட்டில் மறுநாள் சட்டமாகிவிடும்.

முதல் சட்டப்படி, எல்லோரும் தங்கள் பெயருக்குப் பொருள் எழுதிப் பெயராய்வு அமைச்சகத்தில் முத்திரை வாங்கவேண்டும். சாந்தி என்ற பெண் கிணற்றடியில் சண்டை போட்டதால் அவள் பெயர் மூன்று மாதம் முடக்கப்பட்டது. புருஷன் கனைத்துக் கனைத்து அவளைக் கூப்பிட்டான். நாட்டில் பிச்சைக்காரர்களே இல்லை என்று மன்னர் ஏற்கெனவே அறிவித்திருந்ததால், பிச்சை என்ற வாத்தியாரைக் குடிமக்கள் பட்டியலிலிருந்து நீக்கினார்கள். ஜனங்கள் சிரித்தார்கள். பாவம், அப்போது சிரிக்க அவகாசம் இருந்தது.

இரண்டாம் சட்டம், பெயர் எங்கிருந்து வந்தது என்று கேட்டது. அதில்தான் தவுடாயி மாட்டிக்கொண்டாள்.

தவுடாயி புளி தட்டிப் பிழைக்கிறவள். புருஷன் செத்து நாலு வருஷம் ஆகிறது. ஒன்பது வயதில் பொற்கொடி என்று ஒரே மகள். தவுடாயிக்கு முன்னால் அவள் அம்மாவுக்குப் பிறந்த மூன்றும் தக்கவில்லை. அதனால் இவள் பிறந்ததும் அந்தச் சீமை வழக்கப்படி, அக்கரையிலிருந்து ஊசி பாசி விற்க வந்தவளுக்கு ஒரு படி தவிட்டுக்குப் பிள்ளையை விற்று, அரை நாழிகை கழித்துத் தவிட்டைத் திருப்பிக் கொடுத்து வாங்கிக்கொண்டார்கள். யாரோ அயலாள் பிள்ளை என்று எமன் ஏமாந்து போய்விடுவானாம். பிள்ளை பிழைத்தது. தவுடாயி என்றே பெயரும் வைத்தார்கள். செம்மேட்டில் தெருவுக்கு ஒரு தவுடாயியாவது இருப்பாள்.

பெயராய்வு அமைச்சர் சொல்வேந்தனார் அவளை விசாரித்தார்.

"உன்னை விற்றதை ஒப்புக்கொள்கிறாயா?"

"ஆமாங்கய்யா. ஊருக்கே தெரியும்."

"வாங்கியவள் அக்கரைக்காரி?"

"ஆமாங்க."

"உன்னைத் திரும்ப வாங்கியதற்கு ஆவணம்?"

"ஒரு படி தவிட்டுக்கு யாருங்கய்யா பத்திரம் எழுதுவா? எங்கம்மா வாங்கி மடியில போட்டுப் பால் குடுத்தா. அவ்வளவுதான்."

"பால் ஆவணமாகாது. சட்டப்படி நீ அக்கரைக்காரியின் பிள்ளை. அமாவாசைப் படகில் உன் சொந்த நாட்டுக்குப் போகலாம்" என்றார் அமைச்சர், நல்ல சேதி சொல்கிறவரைப் போல.

"எம்மவ?"

அமைச்சர் ஏட்டைப் புரட்டினார். "பொற்கொடி. குற்றமற்ற பெயர். தகப்பன் இம்மண்ணில் பிறந்தவன். ஆகவே அவள் செம்மேட்டுக் குடிமகள். குடிமக்களை ஏற்றுமதி செய்ய அனுமதியில்லை."

மகளை யாரிடம் விட்டுப்போவது? தவுடாயி அமைச்சகத்து வாசலிலேயே உட்கார்ந்து அழுது, யார் யார் காலிலோ விழுந்து, ஒரு மறுவிசாரணை வாங்கினாள். அமாவாசைக்கு முந்தின நாள் வரச்சொன்னார்கள்.

அதற்குள் படகுகள் போய்க்கொண்டே இருந்தன. ஊசி பாசிக்காரர்கள் போனார்கள், கொத்தனார்கள் போனார்கள், மற்றத் தவுடாயிகளும் போனார்கள். பல் பிடுங்குகிறவரும் போய்விட்டதால், வாய் வீங்கியவர்கள் நாட்டுப்பற்றோடு பொறுத்துக்கொண்டார்கள். நாடு தூய்மையடைந்துவிட்டதாக மன்னர் அறிவித்தார்.

அந்த வாரம் மகாராணிக்கு ஆண் குழந்தை பிறந்தது. முன்பு பிறந்த இரண்டு இளவரசர்களும் தொட்டிலிலேயே போய்விட்டவர்கள். இதையாவது காப்பாற்ற அயலாள் ஒருத்திக்குத் தவிட்டுக்கு விற்கவேண்டும் என்றார் அரண்மனைச் சோதிடர். அயலாளுக்கு எங்கே போவது? நாடெங்கும் தேடினார்கள். விசாரணை முடியாததால் இன்னும் படகேறாத ஒருத்தி மட்டும் இருந்தாள்.

மகாராணியே பிள்ளையைத் தூக்கிக்கொண்டு தவுடாயி வீட்டுக்கு வந்தாள். பின்னால் அமைச்சர் வந்தார்.

"வாங்கிக்கோம்மா. இது உன் பிள்ளை" என்று நீட்டினாள் மகாராணி.

தவுடாயி ஒரு படி தவிட்டை அளந்து கொடுத்துவிட்டுப் பிள்ளையை வாங்கி மடியில் கிடத்தினாள். "எம்மவள எங்கூட இருக்க விடச் சொல்லுங்க ராணியம்மா. வேற ஒண்ணும் வேண்டாம்."

"மன்னரிடம் சொல்கிறேன். சத்தியமாகச் சொல்கிறேன்."

அரை நாழிகை ஆனதும் அமைச்சர் ஓலையை எடுத்து வாசித்தார். "அயல்நாட்டாளாகிய தவுடாயி, விலைக்கு வாங்கிய இக்குழந்தையைத் திருப்பிக் கொடுத்தேன். கீழே கைநாட்டு."

"அய்யா, அந்த அயல்நாட்டாளுங்கிறத மட்டும் அடிச்சிருங்க. நாளைக்கு எனக்கு விசாரணை இருக்கு."

"அடித்தால் நீ உள்நாட்டாள் ஆகிவிடுவாய். உள்நாட்டாள் வாங்கினால் எமன் ஏமாறமாட்டான். இளவரசரின் உயிரோடு விளையாடுகிறாயா?"

பிள்ளை பாலுக்கு வீறிட்டது. மகாராணியின் ரவிக்கை நனைந்திருந்தது. கைநாட்டு வைக்காமல் பிள்ளையைத் தரக்கூடாது என்று குறுக்கே நின்றார் அமைச்சர். அந்த ஓலை தன்னை என்ன செய்யும் என்று தவுடாயிக்கு நன்றாகவே தெரியும். மூன்று பிள்ளைகளைப் பறிகொடுத்தவள் வயிற்றில் பிறந்தவள் அவள். விரலை மையில் தொட்டு வைத்துவிட்டுப் பிள்ளையைக் கொடுத்தாள்.

மறுநாள் விசாரணை சீக்கிரம் முடிந்தது.

"இது உன் கைநாட்டுதானே?"

"ஆமாங்கய்யா. ராணியம்மா மன்னருகிட்ட சொல்றேன்னாங்களே?"

"சொன்னார்கள். அயல்நாட்டாருக்குக் கொடுத்த வாக்கு உள்நாட்டில் செல்லாது என்று மன்னர் விளக்கினார். மகாராணியார் ஏற்றுக்கொண்டார்கள்."

அமாவாசை காலையில் படகேற்றினார்கள். பொற்கொடி இடுப்பளவு தண்ணீர் வரைக்கும் ஓடிவந்தாள். பக்கத்துவீட்டு முனியக்கா அவள் கையைப் பிடித்துக் கரைக்கு இழுத்தாள். "நேரத்துக்குச் சாப்புடு கண்ணு, முனியக்கா சொல்றதக் கேளு" என்று சொல்லிக்கொண்டே போனாள் தவுடாயி. படகு நகர நகரக் குரல் கேட்கவில்லை.

அதே துறையில்தான் அன்று இளவரசருக்குப் பெயர்சூட்டு விழா. தவிட்டரசர் என்று பெயர் சூட்டினார்கள். அமைச்சர் மேடையேறி அதன் பொருளை விளக்கினார்: "தவிடு என்பது இம்மண்ணின் நெல்லோடு ஒட்டிப் பிறப்பது. ஆகவே நம் இளவரசர், பெயரின் பொருளாலும் தோற்றத்தாலும், இம்மண்ணிலிருந்து எவராலும் பிரிக்க முடியாதவர்."

கூட்டம் கைதட்டியது. அதற்குள் புதிதாக அயலாராக்கப்பட்டு அடுத்த படகுக்கு வரிசையில் நின்றவர்களும் மூட்டைகளைக் கீழே வைத்துவிட்டுத் தட்டினார்கள்.