ஒன்பது ஆல்பமும் ஒரு ஸ்பூனும்

"நெர்மின்! டீ கலக்குறதை நிறுத்து!" என்று கூடத்திலிருந்து மனைவிக்குக் குரல் கொடுத்தார் ஃபிக்ரெட்.

உஸ்குதாரில் பட்டன் கடை வைத்திருப்பவர். எதையும் பாதி விலைக்குக் கேட்டே பழகியவர், புது ஸ்பீக்கர்களுக்கு மட்டும் சொன்ன விலையைக் கொடுத்துவிட்டார். காரணம், தைஃபுன் கராபெய். அந்தப் பழைய ராக் பாடகரின் ஒன்பது ஆல்பங்களும் லாஸ்லெஸ் ஒலியில் வந்திருந்தன. ஸ்டுடியோவில் விட்ட மூச்சுகூடத் தொலையாதாம். இத்தனை காலம் தேய்ந்த கேசட்டில் கேட்டவர், முதலிலிருந்து வரிசையாகத் தொடங்கினார்.

முதல் ஆல்பம் முழுக்கப் புதுமாப்பிள்ளைக் குஷி. மற்ற எட்டும் பிரிவுத் துயரம். ஏன் இப்படி என்று ரசிகர்கள் இன்னும் சண்டை போடுகிறார்கள்.

முதல் ஆல்பத்தின் கடைசிப் பாட்டில்தான் அந்த "டிங், டிங்".

"நிறுத்தி எவ்வளவு நேரமாச்சு!" என்றாள் நெர்மின் அடுப்படியிலிருந்து.

மறுபடி போட்டார். டிங், டிங்.

"சீனிக்கட்டியைப் பல்லுல கடிச்சுக்கிட்டுக் குடியேன். எர்சுரூம்காரங்க அப்படித்தானே குடிக்கிறாங்க?"

"நான் இஸ்மிர்க்காரி. கடிக்கணும்னா வேற எதையாவது கடிப்பேன்."

மறுநாள் வீட்டு ஸ்பூன்களையெல்லாம் அள்ளிக்கொண்டுபோய்க் கடையில் பூட்டினார் ஃபிக்ரெட். அன்று பார்த்து நெர்மினின் அக்கா வந்தாள். பென்சிலால் டீ கலக்கினாள்.

"ஏண்டி, கடை படுத்துருச்சா? ஸ்பூனைக்கூட வித்துட்டாரா உன் வீட்டுக்காரரு?"

நெர்மினுக்கு முகம் கறுத்தது. சாயங்காலம் அவர் வந்ததும், "நான் வேணுமா, அந்தப் பாட்டுக்காரன் வேணுமா, யோசிச்சுச் சொல்லுங்க" என்று சொல்லிவிட்டு அக்காவோடு எதிர்க்கரை பெஷிக்தாஷுக்குப் படகேறினாள். டீ கெட்டிலும் கூடவே போயிற்று.

வெறும் வீட்டில் பாட்டைப் போட்டார்.

டிங், டிங்.

ஃபிக்ரெட் அடுப்படிக்கு ஓடிப் பார்த்தார். அப்படியானால் நெர்மின் கலக்கவே இல்லை!

கீழேயிருந்த டீக்கடையிலிருந்து கிழவர் செலாமி தட்டில் டீயோடு வந்தார்.

"அசையாம நில்லுங்க! கேளுங்க... ஆளில்லாத வீட்டுல யாரு கலக்குறா?" என்றார் ஃபிக்ரெட்.

"இன்னொரு தடவை போடுங்க முதலாளி."

போட்டார். செலாமி தட்டைக் கீழே வைத்தார். மாட்டியிருந்த ஃபிக்ரெட்டின் கோட்டை எடுத்து நீட்டினார்.

"ஓடிப்போய் அடுத்த படகைப் பிடிங்க முதலாளி. அப்ப அந்த ஸ்டுடியோவுல டீப் பையனா இருந்து, கலக்குனது நான்தான். ஆனா தைஃபுன் திட்டி விரட்டுனது, பக்கத்துல உக்காந்திருந்த பொண்டாட்டியை."