சுப்பாத்தாள் காட்டிய தடயங்கள்

வெட்டுண்ட தன் தலையை இடுப்பில் குடம்போல் இடுக்கிக்கொண்டு சுப்பாத்தாள் சமையலறைக்குள் நுழைந்தபோது, காவல் ஆய்வாளர் கிருபாசங்கர் பல் துலக்கிக்கொண்டிருந்தார். அவளுக்குப் பின்னால், கோடரியால் பிளக்கப்பட்ட மார்போடு அவளுடைய தம்பி சென்னகிருஷ்ணனும், அறுபட்ட கழுத்தைத் துண்டால் பொத்திக்கொண்டு தங்கை மகன் பிரவின்குமாரும் வந்தனர். மூவரும் செருப்பை வாசலிலேயே கழற்றிவிட்டிருந்தனர்.

உடுமலைப்பேட்டையை உறங்கவிடாமல் செய்த மூன்று கொலைகள் அவை. ஒரே குடும்பத்தில், ஒரே மாதத்தில் நிகழ்ந்தவை. அக்குடும்பத்தில் எஞ்சியவள் சென்னகிருஷ்ணனின் மகள் வர்ஷினி ஒருத்தியே. கொலையாளி அகப்படவில்லை; ஆயுதமும் அகப்படவில்லை. அன்று மாலை ஐந்து மணிக்குள் ஒரு தடயமேனும் கிடைக்காவிட்டால் வழக்கு வேறு பிரிவுக்கு மாற்றப்படும் என்று மாவட்டக் கண்காணிப்பாளர் அறிவித்துவிட்டார். மாத இறுதியில் ஓய்வுபெறவிருந்த கிருபாசங்கருக்கு, முப்பதாண்டுப் பணியின் கடைசி வரி தோல்வியாக அமைந்துவிடும் என்ற எண்ணமே உறக்கத்தைப் பறித்திருந்தது.

மூன்று நாள்களாகத் தெருமுனையில் நின்று வீட்டையே உற்றுநோக்கியவர்கள் இன்று உள்ளே வந்துவிட்டனர். பிறர் கண்களுக்கு அவர்கள் புலப்படவில்லை.

"உங்களைக் கொன்னது யாருங்கம்மா? பேரைச் சொல்லுங்க," என்றார் கிருபாசங்கர், வாயில் நுரையோடு.

"அதெல்லாம் அப்பறம் பேசிக்கலாமுங்க," என்றது இடுப்பிலிருந்த தலை. கண்கள் அடுப்பையும் பாத்திரங்களையும் ஆராய்ந்தன.

இறந்தவர்களால் கொலையாளியின் பெயரை உச்சரிக்க இயலாது போலும். ஆதலால் சைகைகளால் உணர்த்துகின்றனர் என்று கிருபாசங்கர் முடிவு செய்தார். பரிவோடு ஒரு டம்ளர் காப்பியை நீட்டினார். சுப்பாத்தாள் இரண்டடி பின்வாங்கினாள்.

"இன்னிக்கு ஒண்ணும் குடிக்கறதுக்கில்லைங்க."

நஞ்சு! வெட்டுவதற்கு முன் அவர்களுக்கு நஞ்சு கொடுக்கப்பட்டிருக்கிறது! அடுத்த கால் மணி நேரத்தில் தலைமைக் காவலர் சிக்கந்தர் வந்து, பால், காப்பித்தூள், சர்க்கரை அனைத்தையும் உறையிலிட்டு முத்திரை வைத்தார்.

"சார், கொலை நடந்தது அவங்க ஊட்டுலீங்க. காப்பித்தூள் உங்கூட்டுதுங்களே?" என்று சிக்கந்தர் தயங்கினார்.

"மேல கேள்வி கேக்காதீங்க சிக்கந்தர். ஆய்வுக்கு அனுப்புங்க."

மனைவி கலாமணி இடுப்பில் கைவைத்து நின்றாள். "ஏனுங்க, கொலை பண்ணுனவன் ஊருக்குள்ள சொகமா சுத்தறான். நீங்க எம்பட பால் சட்டியை அரெஸ்ட் பண்றீங்களா?"

இதற்குள் சென்னகிருஷ்ணன் பின்கட்டுக்குச் சென்று, நிலத்தடித் தொட்டியின் மூடியருகே குனிந்து நின்றார். பிளந்த மார்பிலிருந்து ஏதும் உள்ளே விழுந்துவிடாதபடி ஒரு கையால் அணைத்துக்கொண்டார்.

"ஆழம் எத்தனைங்க?" என்றார்.

"பத்தடிங்க. ஏனுங்க?"

"சும்மாதானுங்க கேட்டேன்."

சும்மாவா? ஆயுதம் நீருக்கடியில் இருக்கிறது! கிருபாசங்கர் மோட்டாரை இயக்கித் தொட்டியை இறைக்கத் தொடங்கினார். ஒரு மணி நேரம் தெருவெங்கும் நீர் பெருகி ஓடியது. நீர் முழுதும் வற்றியபின்னும் அதை நிறுத்தாமல் விட்டதால் மோட்டார் புகைந்து அடங்கியது. தொட்டியின் அடியில் ஒரு பிளாஸ்டிக் குவளை மட்டுமே கிடந்தது. சென்னகிருஷ்ணன் அதைப் பார்த்துவிட்டு வருத்தத்தோடு நாவால் 'ச்சு' கொட்டினார்.

"தொட்டித் தண்ணி பூராத்தையும் தெருவுல உட்டுப்போட்டு, மோட்டாரையும் கருக்கிப்போட்டீங்களே!" கலாமணியின் குரல் தெருமுனைவரை கேட்டது. "லாரித் தண்ணி வாரதுக்கு இன்னும் நாலு நாளாகும். அதுவரைக்கும் உங்க கேஸ் பேப்பரை வெச்சுத் துணி தொவைக்கறதா?"

மாடியில் சுவரைத் தட்டும் ஓசை கேட்டுக் கிருபாசங்கர் திரும்பினார். மாடிப்படிகளை இரண்டிரண்டாகத் தாண்டினார். அங்கே சுப்பாத்தாள், கிருபாசங்கரின் மகன் மிதுனின் அறைச்சுவரை விரல் கணுவால் தட்டித் தட்டிப் பார்த்துக்கொண்டிருந்தாள். தலையின் செவியைச் சுவரோடு ஒட்டிவைத்து ஓசையை அளந்தாள்.

"சிக்கந்தர்! கடப்பாரை!"

கணினித் திரையின்முன் அலுவலகக் கூட்டத்தில் அமர்ந்திருந்த மிதுன் துள்ளி எழுந்தான்.

"அப்பா! மீட்டிங்ல இருக்கேங்கப்பா! கேமரா ஆன்ல இருக்குது!"

"ஆயுதம் இந்தச் செவுத்துக்குள்ளதான் இருக்குது கண்ணு. தள்ளு!"

நான்காவது குத்தில் சுவர் பெயர்ந்தது. உள்ளே செங்கல் இருந்தது. அதற்கும் உள்ளே செங்கல் இருந்தது. அதற்கப்பால் அடுத்த வீட்டுக்காரரின் தென்னைமரம் தெரிந்தது. மிதுன் புழுதி படிந்த முகத்தோடு, "சாரி சார், எங்கூட்ல ஒரு சின்ன வேலை நடக்குது," என்று திரையிடம் மன்னிப்புக் கோரினான்.

அப்போது சுப்பாத்தாள், பின்னாலேயே மாடியேறி வந்த தம்பியிடம் தாழ்ந்த குரலில் கூறியது கிருபாசங்கரின் காதில் விழுந்தது.

"மூணு பேரா வந்துபோட்டமே, அதான் இப்படி. அஞ்சு பேராகியிருக்கோணும்."

இன்னும் இரண்டு கொலைகள்! கிருபாசங்கர் உடனே கண்காணிப்பாளரைத் தொலைபேசியில் அழைத்தார்.

"ஐயா, இன்னும் ரெண்டு பேர் சாகப்போறாங்க. அந்தப் பொண்ணு வர்ஷினிக்குப் பாதுகாப்புக் குடுக்கோணுமுங்க."

"யார் சொன்னது?"

"செத்துப்போனவங்களேதானுங்க ஐயா."

"ஐந்து மணிவரை காத்திருக்க வேண்டாம் கிருபாசங்கர். வழக்குக் கோப்பை இப்போதே சிக்கந்தரிடம் கொடுத்தனுப்புங்கள். நீங்கள் மருத்துவரைப் பாருங்கள்," என்ற குரல் ஒலித்து, இணைப்பு துண்டிக்கப்பட்டது.

சிக்கந்தர் கோப்பைப் பெற்றுக்கொண்டு, நிமிர்ந்து பாராமல் படியிறங்கினார். கிருபாசங்கர் செங்கற்குவியலின்மீது அமர்ந்தார். முப்பதாண்டுகளில் எந்தக் குற்றவாளியின் முன்னும் குவியாத அவருடைய கைகள் குவிந்தன.

"எல்லாமே போச்சுங்க. இனியாவது வாயைத் தொறந்து சொல்லுங்க. காப்பியில என்னத்தைக் காட்டுனீங்க? தொட்டியில என்னத்தைக் காட்டுனீங்க? இந்தச் செவுத்துல என்னத்தைக் காட்டுனீங்க?"

சுப்பாத்தாளின் தலை சென்னகிருஷ்ணனைப் பார்த்தது. அவர் கூச்சத்தோடு தரையைப் பார்த்தார். அதுவரை ஒரு சொல்லும் பேசாதிருந்த பிரவின்குமார், காற்று வெளியேறாதபடி கழுத்தை இரு கைகளாலும் இறுக்கிப் பிடித்துக்கொண்டு முன்னே வந்தான்.

"எங்களை வெட்டுனவனைப் புடிக்கறது உங்க வேலைங்க சார், எப்ப வேணும்னாலும் புடிங்க; உங்க மிதுனைத்தான் கட்டிக்குவேன்னு எங்க வர்ஷினி எங்க போட்டோவுக்கு முன்னால நின்னு சொல்லுச்சு, அதான் மாப்பிள்ளை ஊடு பாக்க வந்தமுங்க... ஆனா, தண்ணியில்லாத ஊட்டுக்கு நாங்க பொண்ணு குடுக்கறதில்லைங்க."