ஜன்னலுக்கு வெளியே மாலத்தீவு

மூன்றாவது ஞாயிற்றுக்கிழமையும், மோர் சாதம் சாப்பிட்டுவிட்டு நாகேஸ்வரன் பாயில் சாய்ந்த நேரம் பார்த்து, ஜன்னலுக்கு வெளியே மாலத்தீவுக்காரர்கள் வந்து நின்றார்கள்.

"ஏன்னா, இன்னிக்குப் பதினாலு பேர். கைக்குழந்தை வேற," என்றாள் வாலாம்பாள், கம்பி வழியாக எண்ணிவிட்டு.

"எதிராத்தைப் பாக்கச் சொல்லேன்டி. பாடினவன் அங்கேன்னா இருந்தான்!"

நம் ஸ்ரீவராகம் பேட்டைக்கே தெரிந்த கதைதான். இருபது வருஷம் முன்பு எதிர்வீட்டு சுனில், மூன்று சிநேகிதர்களோடு 'உச்சவெயில்' என்று ஒரு பாப் குழு வைத்திருந்தான். முன்னறையிலேயே ஓர் ஆல்பமும் பதிவு செய்தான். திருவனந்தபுரத்தில் நாற்பது விற்றிருந்தால் அதிகம். அதிலும் பாதி அவன் அம்மா வாங்கியது. ஆஸ்பத்திரிக்கு வந்த ஒரு மாலத்தீவுக்காரர் ஒன்றை ஊருக்கு எடுத்துப் போனார். அவ்வளவுதான். அங்கே கல்யாணத்தில் அந்தப் பாட்டு, பள்ளிக்கூட விழாவில் அந்தப் பாட்டு, மீன்பிடிப் படகுக்கு 'உச்சவெயில்' என்று பெயர். இப்போது சிகிச்சைக்கு வருகிறவர்கள் டாக்டரைப் பார்த்த கையோடு நம் தெருவுக்கும் வந்துவிடுகிறார்கள்.

நாகேஸ்வரன் பாவம். வாரம் ஆறு நாள் தம்பானூரில் பஸ் மாறிக் கழக்கூட்டத்துக்கு வேலைக்குப் போய்வருகிறவர். ஞாயிறு மத்தியானத் தூக்கம் ஒன்றுதான் அவருடைய சொத்து. அதற்காக அந்தக் காலத்தில் சுனில் கோஷ்டியோடு அவர் போட்ட சண்டை தெருமுனைக் கோயில்வரை கேட்கும். இப்போது பிரஷர். சத்தம் போடக்கூடாது என்று டாக்டர் உத்தரவு. வாயைத் திறந்தால் முணுமுணுப்புதான்.

முதல் வாரம் அப்படித்தான் முணுமுணுத்துப் பார்த்தார். அவர்கள் சிரித்துவிட்டு அங்கேயே நின்றார்கள். இரண்டாம் வாரம் எதிர்வீட்டுக்கு அம்புக்குறி போட்டுப் பலகை மாட்டினார். பலகையோடு நின்று படம் எடுத்துக்கொண்டார்கள்.

இன்றைக்கு அவர்களோடு ரெம்யா வந்திருந்தாள். நோயாளிகளை ஆஸ்பத்திரிக்கு அழைத்துப்போய் மொழிபெயர்த்துச் சொல்கிற பெண்.

"சாரே, இவங்களுக்கு இந்த ஜன்னல்தான் காணணுமாம்."

"யாரோ தப்பா வழி சொல்லியிருக்கா, குழந்தே," என்று முணுமுணுத்து, ஜன்னலைச் சாத்தினார்.

சாத்தியது தப்பாகிவிட்டது. கோபம் போலிருக்கிறது என்று பயந்து, வெளித் திட்டில் ஒரு பொட்டலத்தைக் காணிக்கையாக வைத்தார்கள். வாலாம்பாள் போய்ப் பிரித்தாள்.

"ஐயையோ! மாசிக் கருவாடுன்னா இது! நாளைக்கு யார் நம்மாத்துல ஒரு வாய் ஜலம் குடிப்பா?"

தூக்கி எறிய அவளுக்குக் கை வரவில்லை. தொட்டால்தானே எறிய முடியும். அதற்குள் தெருவிலுள்ள பூனைகள் அத்தனையும் ஜன்னலடியில் மாநாடு கூடின.

நாகேஸ்வரன் வேறு வழியில்லாமல் சுனிலுக்குப் போன் போட்டார். "டேய், உன் ரசிகாளை வந்து கூட்டிண்டு போடா. உனக்குப் புண்ணியமாப் போகும்."

சுனில் இப்போது குடியிருக்கும் கழக்கூட்டம் ஃப்ளாட்டிலிருந்து முக்கால் மணி நேரத்தில் வந்தான். முடிக்குச் சாயம், தோளில் கிட்டார். இருபது வருஷம் காத்திருந்தவன் அல்லவா! நடுத்தெருவில் நின்று முதல் பாட்டை எடுத்தான். பூனைகள் கூடவே பாடின. கைக்குழந்தை வீறிட்டது. ஒரு பெரியவர் மரியாதையாக அவன் தோளைத் தொட்டு, கொஞ்சம் ஓரமாக நகர்த்தி நிறுத்தினார். ஜன்னலை மறைக்கிறானாம்.

சுனில் ஓரமாக நின்று இரண்டாம் பாட்டைத் தொடங்கினான்.

உள்ளே நாகேஸ்வரனுக்குப் பிரஷரும் மறந்தது, டாக்டரும் மறந்தது. எழுந்தார். ஜன்னலைப் படாரென்று திறந்தார்.

"நிறுத்துங்கோடா! மனுஷன் தூங்க வேண்டாமா?"

கோயில்வரை கேட்டது.

கிட்டார் நின்றது. பூனைகள் சிதறின. பதினாலு பேரும் வாய் பிளந்து நின்றார்கள். ஒரு கிழவி கண்ணைத் துடைத்தாள். வீறிட்டுக்கொண்டிருந்த கைக்குழந்தை, சுவிட்சை அணைத்தாற்போல அம்மா தோளில் சாய்ந்து தூங்கிப்போனது.

நாகேஸ்வரனுக்கு வெட்கமாகிவிட்டது. "மன்னிச்சுக்கச் சொல்லும்மா. ஏதோ அசதியில..."

ரெம்யா கன்னத்தில் கை வைத்துக்கொண்டாள்.

"சாரே, அது உங்க சத்தமா! பாட்டோட கடைசியில எதிர் ஜன்னல்ல இருந்து தெரியாமப் பதிவாயிட்ட அந்தக் கத்தலைப் போட்டாத்தான் அந்த நாட்டுல குழந்தைங்க உறங்கும், கேட்டோ!"